கைத்தட்டலில் தெரிந்துவிடும்

ஒரு லைவ் ஆல்பம் முழுசான ஃபைலா, கழித்துச் சுருக்கிய ஃபைலா என்று பார்க்க நான் கிட்டாரைக் கேட்பதில்லை. பாட்டு முடிந்ததும் கூட்டம் கைதட்டுமே, அதைத்தான் கேட்பேன். கிட்டத்தில் நாலைந்து பேர், தூரத்தில் நூற்றுக்கணக்கில், இடையில் ஒருவனின் விசில், மேடையோரம் யாரோ போடும் கத்தல் என்று தனித்தனியாக விழுந்தால் சரி. எல்லாம் சேர்ந்து ‘ஸ்ஸ்ஸ்’ என்று ஒரே இரைச்சலாக, அதுவும் உள்ளே ஏதோ சுழல்வது போல வந்தால் அந்த ஃபைலை மூடிவிட்டு வேறு தேடுவேன்.

இந்தப் பழக்கம் வேலூர் தோட்டப்பாளையத்தில் எங்கள் வீட்டு மாடியில் குடியிருந்த ஒரு ஷில்லாங் அண்ணனிடமிருந்து வந்தது. சி.எம்.சி. மருத்துவமனைக்குப் பக்கத்தில் வீடு வைத்திருப்பவர்களுக்குத் தெரியும், மாடி அறை காலியாகவே கிடக்காது. வங்காளம், அசாம், மிசோரம், மேகாலயா என்று வைத்தியத்துக்கு வருகிறவர்கள் மாதக்கணக்கில் தங்குவார்கள், படிக்க வருகிறவர்கள் வருடக்கணக்கில். இவர் படிக்க வந்தவர். துணிமணியை விட சி.டி. அதிகம் கொண்டுவந்தவர். ஷில்லாங்கில் ராக் இசை வீட்டுக்கு வீடு உண்டு என்பார். எழுபதுகளின் பாட்டுகளை அப்பாவும் பிள்ளையும் சேர்ந்து கேட்பார்களாம். எங்கள் வீட்டில் அப்படி ஒன்றும் இல்லை. மாடியிலிருந்து வருகிற சத்தத்தைப் பற்றி அம்மா ஒரே ஒரு தடவைதான் கேட்டார்: “சத்தம் இருந்துட்டுப் போவுது தம்பி, இந்தப் பாட்டு எப்பதான் முடியும்?” அது 23 நிமிடப் பாட்டு. ஆல்மன் பிரதர்ஸ் என்கிற அமெரிக்கக் குழு நியூயார்க்கின் ஃபில்மோர் ஈஸ்ட் அரங்கில் 1971 மார்ச்சில் வாசித்ததிலிருந்து எடுத்தது. எல்.பி. இசைத்தட்டில் ஒரு முழுப் பக்கத்தையும் அந்த ஒரு பாட்டே அடைத்துக்கொண்டிருந்தது.

நான் அதற்கு முன்பு பிரௌசிங் சென்டரில் பத்து ரூபாய்க்கு ஒரு சி.டி. நிறைய எழுதிக் கொடுத்த எம்.பி.3 காலத்து ஆள். அதே பாட்டு என்னிடமும் இருந்தது, 128 கே.பி.பி.எஸ்.ஸில், அதாவது நொடிக்கு 128 கிலோபிட்டில். அண்ணன் இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டார். பாட்டு நடக்கும்போது பெரிய வித்தியாசம் தெரியவில்லை என்றுதான் சொன்னேன். பாட்டு முடிந்து கை தட்டினார்கள். அப்போது தெரிந்தது.

ஏன் அங்கே தெரிகிறது என்பதற்குக் காரணம் இருக்கிறது. சி.டி.யில் ஒரு நொடிக்கு 44,100 மாதிரிகள், ஒவ்வொன்றும் 16 பிட், இரண்டு சேனல். பெருக்கினால் நொடிக்கு 1,411 கிலோபிட். 128 என்பது அதில் பதினொன்றில் ஒரு பங்கு. மீதிப் பத்துப் பங்கை எம்.பி.3 கண்மூடித்தனமாக எறிவதில்லை. பெரிய சத்தம் கேட்கும்போது அதை ஒட்டி இருக்கிற சின்னச் சத்தம் காதில் ஏறாது, அதைத் தூக்கிவிடலாம் என்று கணக்குப் போட்டு எறிகிறது. ஒரு குரலுக்கோ, நீண்டு ஒலிக்கும் ஆர்கனுக்கோ இந்தக் கணக்கு நன்றாகவே வேலை செய்யும். அந்த ஒலிகளுக்கு ஒரு ஒழுங்கு இருக்கிறது. கைத்தட்டலுக்கு ஒழுங்கே கிடையாது. ஆயிரம் பேர் ஆயிரம் நேரத்தில் அடிக்கிற சின்னச் சின்ன வெடிப்பு அது. ஒவ்வொன்றுக்கும் கூர்மையான தொடக்கம் உண்டு, ஒவ்வொன்றும் வேறு வேறு திசையிலிருந்து வருகிறது. கொடுத்த பிட்டுக்குள் இதை அடக்க முடியாமல் எம்.பி.3 திணறும். கூர்மை மழுங்கி, அடி விழுவதற்கு முன்பே அதன் சாயல் கசிந்து, இடம் வலம் என்ற அகலமும் சுருங்கிவிடும். டிரம்ஸில் சிம்பல் அடித்துக்கொண்டே இருக்கிற இடங்களிலும் இதே கதைதான்.

ஸ்டுடியோவில் பதிந்த பாட்டுக்கு இது பெரிய நஷ்டமில்லை. லைவ் ஆல்பத்தில் மண்டபமும் கூட்டமும் போய்விட்டால், ஸ்டுடியோப் பதிவை விடச் சுமாராக வாசித்த ஒரு பதிவுதான் கையில் மிஞ்சும். லைவ் ஆல்பத்தை லாஸ்லெஸ்ஸில், அதாவது எதையும் எறியாத ஃபைலில், கேளுங்கள் என்று நான் யாரிடமாவது சொன்னால் இதற்காகத்தான் சொல்வேன். கிட்டார் இனிமையாகிவிடும், பாஸ் ஆழமாகிவிடும் என்று யாராவது சொன்னால் நம்பவேண்டாம்.

இன்னொரு விஷயம், இதை விடவும் எரிச்சலூட்டுவது: பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவில் விழுகிற ஓட்டை. லைவ் ஆல்பத்தில் ஒரு டிராக் முடியும் இடம் பெரும்பாலும் கைத்தட்டலின் நடுவில்தான் இருக்கும். எம்.பி.3 தன் வேலையை 1,152 மாதிரிகள் கொண்ட துண்டு துண்டாகச் செய்கிறது. பாட்டின் நீளம் அந்தக் கணக்குக்குச் சரியாக வராது. அதனால் கடைசித் துண்டின் மிச்சத்தில் வெறும் மௌனத்தை நிரப்பிவிடும், தொடக்கத்திலும் கொஞ்சம் சேர்க்கும். ஒரு துண்டு என்பது ஒரு நொடியில் கிட்டத்தட்ட நாற்பதில் ஒரு பங்குதான். ஆனாலும் கூட்டம் ஆர்ப்பரிக்கும்போது நடுவில் இத்தனூண்டு மௌனம் விழுந்தால் காது அதைப் பிடித்துவிடும். எவ்வளவு மௌனம் சேர்த்தேன் என்று லேம் போன்ற எம்.பி.3 ஆக்கும் மென்பொருள்கள் ஃபைலிலேயே குறித்துவைக்கின்றன. நல்ல பிளேயர் அதைப் படித்து வெட்டிவிடும். போனில் ஏற்கெனவே இருக்கிற பிளேயர் படிக்குமா என்பது அதிர்ஷ்டத்தைப் பொறுத்தது. ஃபிளாக் என்கிற லாஸ்லெஸ் ஃபைல் வகையில் இந்தத் தொல்லையே இல்லை. மாதிரி எண்ணிக்கை உள்ளே போனபடியே வெளியே வரும். பிளேயரில் ‘கேப்லெஸ்’ என்று ஒன்று இருக்கும், அதைப் போட்டுவிட்டால் போதும். ‘கிராஸ்ஃபேட்’ என்று இன்னொன்று இருக்கும், ஒரு பாட்டின் முடிவையும் அடுத்ததன் தொடக்கத்தையும் ஒன்றின்மேல் ஒன்றாகக் கலப்பது, அதை அணைத்துவையுங்கள். இரண்டும் ஒன்றென்று நினைத்து கிராஸ்ஃபேடைப் போட்டுவிட்டு, பாடகர் பேசுவதன் மேல் அடுத்த பாட்டு ஏறுகிறது என்று குறைப்படுகிற நண்பர் ஒருவர் எனக்கு உண்டு.

அந்த ஓட்டையை என்னைவிட வேகமாகக் கண்டுபிடித்தவர் காட்பாடிப் பக்கம் மைக் செட் வைத்திருக்கும் ஒரு அண்ணன். திருவிழா, கல்யாணம், மாசி முதல் ஆடி வரை ஊர் ஊராகக் கூத்து என்று ஒலிபெருக்கியோடு வாழ்கிறவர். ஆங்கிலப் பாட்டு அவருக்கு ஆகாது. என் வீட்டுக்கு ஒரு ஆம்ப்ளிஃபையரைப் பார்க்க வந்தபோது பின்னால் ஓடிக்கொண்டிருந்ததைக் கேட்டுவிட்டு, “இன்னா தம்பி, ஜனம் கத்தினே இருக்குது, நடுவுல லைன் கட் ஆவுது?” என்றார். நான் போனில் ஒரு பழைய எம்.பி.3யைப் போட்டுவைத்திருந்தேன். லேப்டாப்பில் இருந்த ஃபிளாக்குக்கு மாற்றினேன். கொஞ்ச நேரம் கழித்து, “இதுல மைக்க ஜனத்துக்கு மேலயும் கட்டிருக்கான்” என்றார்.

அவர் சொன்னது உண்மையான தொழில் நுணுக்கம். மேடை மிக்சரிலிருந்து லைன் எடுத்துப் பதிந்தால் அதில் பாடகரின் குரல் பளிச்சென்று இருக்கும், கூட்டம் இருக்காது. சின்ன அரங்கமானால் கிட்டாரும் குறைவாகத்தான் இருக்கும். கிட்டாரின் ஆம்ப்ளிஃபையரே மண்டபத்தை நிரப்பிவிடுவதால் மிக்சரில் அதை ஏற்ற வேண்டிய தேவை இருக்காது. மண்டபத்தின் நடுவில் மைக் வைத்துப் பதிந்தால் கூட்டம், எதிரொலி எல்லாம் வரும், குரல் பின்னால் போய்விடும். நல்ல லைவ் ஆல்பம் என்பது இரண்டையும் அளவாகக் கலந்தது.

ஃபில்மோர் ஈஸ்ட் ஆல்பத்தில் இந்தக் கலவை அருமையாக இருக்கும். தயாரிப்பாளர் டாம் டௌட். இரண்டு கிட்டார், இரண்டு டிரம்ஸ். டுவான் ஆல்மனின் கிட்டார் ஒரு பக்கம், டிக்கி பெட்ஸின் கிட்டார் மறுபக்கம். ஹெட்போனில் கேட்டால் யார் விட்ட இடத்தில் யார் எடுக்கிறார் என்று கையால் தொட்டுக் காட்டலாம். அந்த 23 நிமிடப் பாட்டு, ‘விப்பிங் போஸ்ட்’, தொடங்குவதற்கு முன்னால் கூட்டத்திலிருந்து ஒருவர் அந்தப் பாட்டின் பெயரைச் சொல்லிக் கத்துகிறார். குரல் மேடையை விட்டுத் தள்ளி, அரங்கத்துக்குள் இருந்து வருவது தெரியும். அப்புறம் பெர்ரி ஓக்லியின் பாஸ் கிட்டார் மட்டும் தனியாகத் தொடங்கும். பதினோரு எண்ணிக்கை. மைக் செட் அண்ணனோடு ஒருநாள் வந்திருந்த கூத்து மிருதங்கக்காரர் இதைக் கேட்டதும் தொடையில் தட்டிப் பார்த்து, “மூணு, மூணு, மூணு, ரெண்டு” என்றார். அவருக்கு அந்த இசை பிடித்ததா என்று கேட்காதீர்கள். கணக்கு பிடித்தது.

பாட்டின் கடைசியையும் விடாதீர்கள். கைத்தட்டல் கேட்கத் தொடங்கியும் அவர்கள் நிறுத்தமாட்டார்கள். அடுத்த உருப்படிக்குள் நழுவுகிறார்கள், அப்போது ஆல்பம் மங்கி முடிந்துவிடுகிறது. அந்த அடுத்த உருப்படி அவர்களின் 1972 ஆல்பத்தில் வெளிவந்தது. அதற்குள் டுவான் ஆல்மன் உயிரோடு இல்லை. 1971 அக்டோபரில் மோட்டார் சைக்கிள் விபத்தில் போய்விட்டார், வயது 24.

இனி ஒரு முக்கியமான விஷயம். நான் இதில் செலவிட்ட நேரத்தில் பாதி இதற்குத்தான் போனது. ஃபைல் லாஸ்லெஸ் என்பதால் மட்டும் அது நல்ல பதிவாகிவிடாது. ஒரே ஆல்பம் பல பதிப்பாக இருக்கும், பதிப்புக்குப் பதிப்பு சத்தமே வேறு.

தி ஹூ குழு 1970 பிப்ரவரி 14 அன்று லீட்ஸ் பல்கலைக்கழகத்தின் சாப்பாட்டுக் கூடத்தில் வாசித்ததை எடுத்துக்கொள்ளுங்கள். நம் ஊரில் கல்லூரி மெஸ்ஸில் மேசையை ஒதுக்கிவிட்டு ஆண்டுவிழா வைப்பார்களே, கிட்டத்தட்ட அதே இடம். முதலில் வந்த எல்.பி.யில் ஆறே பாட்டு. பதிவில் கேபிள் கோளாறால் படபடவென்று சத்தம் இருந்தது. அதை மறைக்காமல், இந்தச் சத்தம் பதிவிலேயே உள்ளது, சரிசெய்ய வேண்டாம் என்ற பொருளில் எல்.பி. லேபிளிலேயே கையால் எழுதி அச்சிட்டுவிட்டார்கள். 1995இல் வந்த சி.டி. பதிப்பில் அந்தச் சத்தத்தைக் கணினியில் நீக்கிவிட்டு 14 பாட்டாக ஆக்கினார்கள். 2001 பதிப்பில் மீதியும் சேர்ந்து இரண்டு சி.டி. ஆனது. எது சிறந்தது? முழுக் கச்சேரியும் வேண்டுமென்றால் 2001. இறுக்கிக் கட்டிய நாற்பது நிமிடம் போதுமென்றால் பழைய ஆறு பாட்டு வரிசை. நான் பெரும்பாலும் அந்த ஆறைத்தான் கேட்கிறேன்.

மறுநாள் ஹல் நகரத்திலும் பதிந்தார்கள். அதில் முதல் சில பாட்டுகளுக்கு பாஸ் கிட்டார் பதிவாகவே இல்லை. பல வருடம் கழித்து லீட்ஸ் பதிவிலிருந்து பாஸை எடுத்து அதில் ஒட்டித்தான் வெளியிட்டார்கள். லைவ் என்று அட்டையில் இருப்பதெல்லாம் ஒரே இரவில் நடந்தது என்று நினைக்கக் கூடாது. டீப் பர்ப்பிள் குழுவின் ஜப்பான் ஆல்பம் 1972 ஆகஸ்ட் 15, 16 தேதிகளில் ஒசாகாவிலும் 17 அன்று டோக்கியோவிலும் நடந்த மூன்று கச்சேரிகளிலிருந்து பொறுக்கிய ஏழு பாட்டு. ஒட்டு போட்டிருந்தால் இருக்கட்டுமே, எனக்கு அதில் சண்டையில்லை. தின் லிஸி குழுவின் 1978 லைவ் ஆல்பத்தில் ஸ்டுடியோவில் திருப்பிப் பாடிச் சேர்த்தது எவ்வளவு என்று தயாரிப்பாளர் ஒன்று சொன்னார், குழுவினர் இன்னொன்று சொன்னார்கள். அந்தப் பஞ்சாயத்து இன்னும் முடியவில்லை, ஆல்பம் என்னவோ கேட்க நன்றாகவே இருக்கிறது.

பதிப்பைத் தேர்ந்தெடுக்கும்போது ஒன்றைக் கவனியுங்கள். தொண்ணூறுகளுக்குப் பின் வந்த ரீமாஸ்டர்கள், அதாவது பழைய பதிவின் ஒலியைத் திருத்தி மறுபடி வெளியிட்டவை, பலவற்றில் மெதுவான இடத்தை ஏற்றி, உரத்த இடத்தை அமுக்கி, எல்லாவற்றையும் ஒரே மட்டத்துக்குக் கொண்டுவந்திருப்பார்கள். ஜப்பான் ஆல்பத்தில் ‘சைல்ட் இன் டைம்’ என்ற 12 நிமிடப் பாட்டு இதற்கு நல்ல சோதனை. ஜான் லார்டின் ஹேமண்ட் ஆர்கன் காதோரம் பேசுவது போலத் தொடங்கும், போகப் போக இயன் கில்லனின் குரல் கூரையைப் பிய்க்கும். தொடக்கத்தில் கேட்கிற அளவுக்கு வால்யூம் வைத்தால் பிறகு ஓடிப்போய்க் குறைக்க வேண்டிவர வேண்டும். கை வால்யூம் பக்கமே போகவில்லை என்றால் அமுக்கிய பதிப்பு. 24 பிட் ஃபைல் என்று போட்டிருந்தாலும் அமுக்கியது அமுக்கியதுதான்.

இரண்டு பதிப்பை ஒப்பிடும்போது வால்யூமைச் சமப்படுத்திக்கொண்டு ஒப்பிடுங்கள். துளி உரக்கக் கேட்பது எதுவும் நன்றாக இருப்பதாகவே காது சொல்லும். பிளேயரில் சத்தத்தைத் தானாகச் சமப்படுத்தும் ‘ரீப்ளே கெயின்’ இருந்தால் லைவ் ஆல்பத்துக்கு ‘ஆல்பம்’ என்ற அமைப்பை வையுங்கள். ‘டிராக்’ என்று வைத்தால் ஒவ்வொரு பாட்டையும் தனித்தனியாக ஏற்றி இறக்கும். அடங்கிய பாட்டும் ஆர்ப்பாட்டமான பாட்டும் ஒரே உயரத்துக்கு வந்து, நடுவில் கைத்தட்டல் படி ஏறி இறங்கும்.

சரி, ஃபைலுக்கு எங்கே போவது? எனக்கு இன்றுவரை பழைய சி.டி.தான் முதல் வழி. சென்னைக்குப் போகும்போது பழைய கடைகளில் கிளறுவேன். ஊரைவிட்டுப் போகிற மாணவர்கள் விற்றுவிட்டுப் போவதும் உண்டு. லேப்டாப்பில் இப்போது டிரைவ் கிடையாது, யு.எஸ்.பி.யில் மாட்டுகிற டிவிடி டிரைவ் ஒன்று வாங்கிக்கொண்டால் போதும். சி.டி.யைத் துடைக்கும்போது வட்டமாகத் துடைக்காமல், நடுத்துளையிலிருந்து விளிம்புக்கு நேராகத் துடையுங்கள். ‘எக்சாக்ட் ஆடியோ காப்பி’ என்ற இலவச மென்பொருள் ஒவ்வொரு பகுதியையும் சந்தேகம் தீரப் படிக்கும். முடிந்ததும் அதே சி.டி.யை உலகத்தில் மற்றவர்கள் எடுத்த பிரதியோடு ஒப்பிட்டு, ஒத்துப்போகிறதா என்று சொல்லும். ஒத்துப்போனால் அதற்குமேல் கவலை இல்லை. ஃபிளாக்காகச் சேமித்தால் சி.டி.யில் நிமிடத்துக்கு 10 எம்.பி. இருந்தது 5, 6 எம்.பி.க்கு வரும். விரித்தால் ஒரு பிட் பிசகாமல் பழையபடி வரும். ஃபைலுக்குள்ளேயே ஒரு சரிபார்ப்பு எண் இருக்கிறது. பத்து வருடம் கழித்தும் ஃபைல் கெட்டதா இல்லையா என்று அதை வைத்தே சோதிக்கலாம்.

ஹார்ட் டிஸ்க்கை மட்டும் பரணில் போடாதீர்கள். மே மாதத்தில் வேலூர் 40 டிகிரியைத் தாண்டும்போது மொட்டைமாடிக்குக் கீழே உள்ள பரண் அடுப்படிக்குச் சமம். சி.டி.க்கும் அது ஆகாது. இரண்டு டிஸ்க்கில் பிரதி எடுத்து, ஒன்றை வேறு வீட்டில் வையுங்கள். என்னுடையது ஆற்காட்டில் அக்கா வீட்டுப் பீரோவில் புடவைகளுக்கு நடுவில் இருக்கிறது.

காசில்லாமல், முறைப்படியே கிடைப்பது இன்டர்நெட் ஆர்க்கைவ் என்ற இணையதளத்தின் லைவ் மியூசிக் பகுதி. கிரேட்ஃபுல் டெட் என்ற அமெரிக்கக் குழு, ரசிகர்கள் பதிவு செய்வதைத் தடுக்கவில்லை. 1984 முதல் ரெக்கார்டர் கொண்டுவருகிறவர்களுக்கென்று அரங்கில் தனி இடமே ஒதுக்கினார்கள். அப்படிக் கூட்டத்திலிருந்து எடுத்த பதிவுகளை அங்கே ஃபிளாக்காகவே இறக்கிக்கொள்ளலாம், மிக்சரிலிருந்து எடுத்தவற்றைக் கேட்க மட்டும் முடியும். ஒரே கச்சேரிக்கு நாலைந்து பேர் எடுத்த பதிவு இருக்கும். எங்கே உட்கார்ந்து, எந்த மைக்கில் எடுத்தது என்ற குறிப்பைப் படித்துவிட்டு இறக்குவது நல்லது. சந்தா கட்டிக் கேட்பதென்றால் ஆப்பிள் மியூசிக்கில் 2021 முதல் லாஸ்லெஸ் உண்டு, அமைப்புகளில் போய் நாம்தான் அதைத் திறந்துவிட வேண்டும்.

யாரோ கொடுத்த ஃபிளாக் என்றால் உடனே நம்ப வேண்டாம். எம்.பி.3யை ஃபிளாக் ஆக்குவதற்கு ஒரு நிமிடம்கூட ஆகாது, போன சத்தம் மட்டும் திரும்பாது. ‘ஸ்பெக்’ என்றொரு இலவச மென்பொருளில் ஃபைலைப் போட்டால் ஒலி அலைவரிசையைப் படமாகக் காட்டும். 16 கிலோஹெர்ட்ஸ் உயரத்தில் கத்தியால் சீவியது போல நேர்க்கோட்டில் நின்றால் அது 128 எம்.பி.3யின் பிள்ளை. ஒரு எச்சரிக்கை: கேசட்டில் எடுத்த பழைய ரசிகர் பதிவுகளில் இயல்பாகவே மேலே ஒன்றும் இருக்காது. அங்கே கோடு விழாமல் படிப்படியாக மங்கி மறையும். அதைப் போலி என்று தள்ளிவிட வேண்டாம்.

இவ்வளவும் செய்துவிட்டு ப்ளூடூத்தில் கேட்கிறவர்கள்தான் அதிகம். சாதாரண ப்ளூடூத் ஹெட்போனுக்குப் போகும் முன் போன் அந்த ஒலியை மறுபடியும் சுருக்கியே அனுப்புகிறது. எல்.டி.ஏ.சி. போன்ற உயர்ந்த வகைகூட 990 கே.பி.பி.எஸ்.ஸுக்கு மேல் போகாது. நடைக்குப் போகும்போது, கோட்டை அகழியைச் சுற்றி வரும்போது நானும் அப்படித்தான் கேட்கிறேன். உட்கார்ந்து கேட்க வேண்டுமென்றால் ஒயர்தான். போனின் சி-டைப் துளையில் மாட்டுகிற சின்ன டாங்கிள் ஆயிரம் ரூபாயை ஒட்டிக் கிடைக்கிறது, அதோடு நல்ல ஒயர் ஹெட்போன். இதற்குமேல் ஆயிரக்கணக்கில் கேபிளுக்குச் செலவழிக்கச் சொல்கிறவர் வீட்டில் சாப்பிட்டுவிட்டு வந்துவிடுங்கள், வாங்காதீர்கள்.

எங்கள் பக்கத்துப் பழைய வீடுகளில் எர்த் சரியாக இருப்பதில்லை. லேப்டாப் சார்ஜரை மாட்டியதும் ஸ்பீக்கரில் ‘ம்ம்ம்’ என்று உறுமல் வரும். ஸ்பீக்கரை மாற்றத் தேவையில்லை, சார்ஜரைப் பிடுங்கிவிட்டு பேட்டரியில் ஓட்டிப் பாருங்கள். உறுமல் நின்றால் எலக்ட்ரீஷியனைக் கூப்பிட்டு எர்த்தைப் பார்க்கச் சொல்ல வேண்டும். பாட்டுக்காக இல்லாவிட்டாலும் ஃபிரிட்ஜுக்காக.

அப்புறம் மின்விசிறி. 16 பிட் சி.டி.யில் மிக மெல்லியதற்கும் மிக உரத்ததற்கும் நடுவில் 96 டெசிபல் இடைவெளி உண்டு. சித்திரை மாத வேலூரில் ஃபேனை ஐந்தில் வைத்து, ஜன்னலைத் திறந்துவைத்திருக்கும் அறையில் அதில் பாதியாவது காதுக்கு எட்டினால் பெரிது. ஆர்கன் தொடங்குவது ஃபேனுக்குள் போய்விடும். பழைய ஃபேன் ரெகுலேட்டர் என்றால் அதுவும் தனியாக இரையும். கார்த்திகை, மார்கழியில் ஃபேன் தேவைப்படாத இரவுகள் வரும். மெல்லிய இடங்கள் உள்ள ஆல்பங்களை நான் அதற்கென்று ஒதுக்கிவைப்பேன். தி ஹூவைக் கேட்க எந்த மாதமும் சரி, ஃபேன் தோற்றுப்போகும்.

24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் என்று ஒரு ஆல்பத்துக்கு ஜி.பி. கணக்கில் இறக்குகிறார்களே, அது வேண்டுமா? எழுபதுகளின் டேப்புக்கு சி.டி.யின் 96 டெசிபலே தாராளம். மனிதக் காது 20 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் கேட்காது, நாற்பதைத் தாண்டிய என் காதுக்கு அதுவும் இல்லை. ‘ஃபூபார்’ பிளேயரில் கண்ணைக் கட்டிக்கொண்டு ஒப்பிடும் சோதனை ஒன்று இருக்கிறது. அதில் 128 எம்.பி.3யை கைத்தட்டல் உள்ள இடத்தில் சட்டென்று பிடித்துவிடுகிறேன். நன்றாகச் செய்த 320 எம்.பி.3யை பெரும்பாலான பாட்டில் பிடிக்க முடியவில்லை. 24 பிட்டுக்கும் 16 பிட்டுக்கும் நடுவில் எனக்கு எந்த வித்தியாசமும் தெரியவில்லை. அப்படியானால் 320 போதாதா என்றால், காதுக்குப் போதும். வைத்துக்கொள்ள ஃபிளாக்தான் வேண்டும். நாளைக்கு வேறு வடிவத்துக்கு மாற்ற நேர்ந்தால் ஃபிளாக்கிலிருந்து எத்தனை முறை மாற்றினாலும் முதல் பிரதி அப்படியே இருக்கும். எம்.பி.3யிலிருந்து மாற்ற மாற்றத் தேயும்.

24 பிட் எனக்குப் பயன்பட்டது வேறு இடத்தில். மைக் செட் அண்ணன் ஒரு திரௌபதியம்மன் கோயில் திருவிழாவுக்குச் செட் போட்டபோது, ராத்திரிக் கூத்தைப் பதிவு செய்யலாம் என்று ஒரு கைரெக்கார்டரோடு நானும் போனேன். பழைய வட ஆற்காடு முழுக்க இவ்வளவு கூத்து நடக்கிறது. கிடைக்கிற பதிவெல்லாம் போனில் எடுத்து, சுருங்கிச் சுருங்கி, ஆர்மோனியமும் முகவீணையும் ஒன்றோடொன்று குழைந்து கிடப்பவை. அமெரிக்காவில் ஒரு ரசிகர் பின்வரிசையிலிருந்து கேசட்டில் எடுத்தது நாற்பது வருடம் கழித்து என் லேப்டாப்பில் பிசிறில்லாமல் கிடைக்கும்போது, இங்கே பத்து மைல் தூரத்தில் நடப்பதற்கு ஒன்றும் இல்லை.

பதியும்போது 24 பிட் வையுங்கள். மெதுவாகக் கட்டியங்காரன் பேசிக்கொண்டே இருப்பார், திடீரென்று வேஷம் உள்ளே நுழையும்போது மிருதங்கமும் சலங்கையும் குரலும் ஒன்றாகப் பாயும். ரெக்கார்டர் மீட்டரில் உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாத அளவுக்கு அடக்கிவைத்தால் உடையாது, பிறகு ஏற்றிக்கொள்ளலாம். 24 பிட்டில் அப்படி ஏற்றினால் இரைச்சல் தூக்காது. கூம்பு ஸ்பீக்கருக்கு எதிரே ரெக்கார்டரை வைக்காதீர்கள். வாத்தியக்காரர்கள் உட்காரும் பெஞ்சுக்குச் சற்றுத் தள்ளி, ஆளுயரக் கம்பில், காற்றுக்கு நுரை உறை போட்டு நிறுத்தச் சொன்னார் அண்ணன். அது சரியான இடம். 24 பிட், 48 கிலோஹெர்ட்ஸில் மணிக்கு ஒரு ஜி.பி. ஆகும், விடிய விடிய என்றால் எட்டு ஜி.பி. வைத்துக்கொள்ளுங்கள். ரெக்கார்டர் இரண்டு ஜி.பி.க்கோ நாலு ஜி.பி.க்கோ ஒருமுறை தானாகப் புது ஃபைல் தொடங்கும். அந்த இணைப்பில் சத்தம் விடுபடுகிறதா என்று வீட்டிலேயே சோதித்துவிட்டுப் போங்கள். கைத்தட்டலின் நடுவில் ஓட்டை விழுந்த கதை இங்கேயும் நடக்கும்.

கூத்தில் கைத்தட்டல் குறைவு. விசில் உண்டு, பிள்ளைகள் தூங்குவார்கள், எழுந்து அழுவார்கள், டீ விற்பவர் நடுவில் புகுந்து போவார். எல்லாம் பதிவாகியிருந்தது. கர்ண வேஷம் கட்டிய வாத்தியார் தன் பகுதியை மட்டும் கேட்டார், சென்னையில் இருக்கிற மகளுக்கு அனுப்பவேண்டுமாம். போட்டுக் காட்டினேன். “நல்லாத்தான் கீது தம்பி. அந்தக் கொழந்த அழுவுறத மட்டும் எடுத்துடேன்” என்றார். எடுக்க முடியாதுங்க ஐயா என்றேன். கொஞ்சம் மெனக்கெட்டால் குறைத்திருக்கலாம்தான், செய்யவில்லை.

அவர் மகளுக்குப் போனது 192 எம்.பி.3, வாட்ஸப்பில் டாக்குமென்ட்டாக. போன் ஸ்பீக்கரில் கேட்க அது தாராளம். ஃபிளாக் என் டிஸ்க்கில் ஒன்று, ஆற்காட்டில் ஒன்று, மைக் செட் அண்ணனிடம் ஒரு பென் டிரைவில் ஒன்று இருக்கிறது. அவர் அதை வண்டியில் போட்டு, மைக் எங்கே கட்டியிருந்தால் இன்னும் நன்றாக வந்திருக்கும் என்று சொல்லிக்கொண்டே ஓட்டுகிறார்.